டேப்லட் கீபோர்டு நின்றுவிட்டால்: பழுதுபார்ப்பதா, புதிது வாங்குவதா, புளூடூத்துக்கு மாறுவதா?

ஐபேட், கேலக்ஸி டேப், சர்ஃபேஸ் என எதுவாக இருந்தாலும், காந்தத்தில் ஒட்டிக்கொள்ளும் கவர் கீபோர்டு நின்றுபோனால் ஐந்து வழிகள் உண்டு. சுத்தம் செய்து, செட்டிங்ஸைத் திருத்தி அதையே ஓட வைப்பது. கடையில் கொடுத்துப் பழுதுபார்ப்பது. அதே கவரைப் புதிதாக வாங்குவது. புளூடூத் கீபோர்டுக்கு மாறுவது. யூஎஸ்பி கீபோர்டைச் செருகி வேலையை முடிப்பது. இவற்றுக்கிடையே செலவு வித்தியாசம் மிகப் பெரியது. ஆப்பிளின் மேஜிக் கீபோர்டு 2020-ல் இந்தியாவுக்கு வந்தபோது 11 அங்குல மாடலின் விலை 27,900 ரூபாய். டேப்லட்டில் யூஎஸ்பி கருவியைச் செருக உதவும் ஒரு ஓ.டி.ஜி. அடாப்டரும் சாதாரண வயர் கீபோர்டும் சேர்ந்து ஆயிரம் ரூபாய்க்குள் முடிந்துவிடும்.

ஆனால் விலையை மட்டும் பார்த்து முடிவெடுத்தால் ஏமாற்றம்தான். கோளாறு எங்கே என்று முதலில் தெரிய வேண்டும். பழுது டேப்லட்டின் பக்கம் இருக்கும்போது புதுக் கவர் வாங்கினால் போட்ட காசு மொத்தமும் போச்சு. வெறும் அழுக்குப் படிந்த பின்னுக்காக நல்ல கவரைத் தூக்கிப் போடுவதும் அதே அளவு நஷ்டம். இரண்டும் அடிக்கடி நடக்கிறது, அதுவும் அரைமணி நேரச் சோதனையில் தவிர்த்திருக்கக்கூடிய நிலையில்.

கோளாறு எந்தப் பக்கம்?

மூன்று இடங்களில் ஒன்றில்தான் பழுது இருக்கும்: டேப்லட், கீபோர்டு, அல்லது இரண்டும் சேரும் இடம். முதலில் டேப்லட்டை ஒருமுறை கட்டாயமாக ரீஸ்டார்ட் செய்யுங்கள். ஹோம் பட்டன் இல்லாத ஐபேடில் வால்யூம் பட்டன்களில் மேல் பட்டனுக்கு அருகில் இருப்பதை ஒரு தட்டு, அடுத்ததை ஒரு தட்டு, பிறகு மேல் பட்டனை ஆப்பிள் சின்னம் வரும்வரை விடாமல் அழுத்த வேண்டும். சாம்சங் டேப்பில் பவர் பட்டனையும் வால்யூம் டவுனையும் சேர்த்து ஏழு விநாடிக்கு மேல் பிடிக்க வேண்டும். சர்ஃபேஸில் பவர் பட்டனை இருபது முப்பது விநாடி பிடித்தால் முழுதாக அணைந்து எழும். திரையை மட்டும் அணைத்துப் போடுவது ரீஸ்டார்ட் ஆகாது. துணைக்கருவியை அடையாளம் காணும் பகுதி பழைய நிலையிலேயே உறைந்திருக்கும்.

அதற்குப் பிறகும் எழவில்லை என்றால், டேப்லட் கீபோர்டை அடையாளம் காண்கிறதா என்று பாருங்கள். ஐபேடில் செட்டிங்ஸ், ஜெனரல், கீபோர்டு என்று போனால், கீபோர்டு இணைந்திருக்கும்போது மட்டும் ‘ஹார்டுவேர் கீபோர்டு’ என்ற வரி அங்கே தோன்றும். அந்த வரி இருக்கிறது, எழுத்து மட்டும் வரவில்லை என்றால் இணைப்பு சரி. சிக்கல் செட்டிங்ஸிலோ விசைகளிலோ இருக்கிறது. வரியே இல்லை என்றால் இணைப்பு நடக்கவே இல்லை. ஆண்ட்ராய்டில் மொழி மற்றும் உள்ளீடு பகுதியில் வரும் ‘பிசிக்கல் கீபோர்டு’ இதே வேலையைச் செய்கிறது.

சர்ஃபேஸ் வைத்திருப்பவர்களுக்கு இன்னும் உறுதியான சோதனை ஒன்று உண்டு. டேப்லட்டை அணைத்து, வால்யூம் அப் பட்டனைப் பிடித்தபடி பவரைத் தட்டினால் யூஇஎஃப்ஐ எனும் அடிப்படை அமைப்புத் திரை வரும். அங்கே விண்டோஸ் இன்னும் ஓடத் தொடங்கவில்லை. அந்தத் திரையில் அம்புக்குறி விசைகளும் டச்பேடும் வேலை செய்தால் கீபோர்டு நன்றாக இருக்கிறது, பழுது விண்டோஸில். விண்டோஸின் டிவைஸ் மேனேஜரில் டைப் கவர் (சர்ஃபேஸின் கவர் கீபோர்டு) தொடர்பான பதிவை அன்இன்ஸ்டால் செய்து, கவரைக் கழற்றி, ரீஸ்டார்ட் செய்து மீண்டும் மாட்டினால் டிரைவர் புதிதாக ஏறும். யூஇஎஃப்ஐ திரையிலும் அசைவில்லை என்றால் மென்பொருளோடு மல்லுக்கட்ட வேண்டாம்.

வேறு ஒரு யூஎஸ்பி அல்லது புளூடூத் கீபோர்டை இரவல் வாங்கி இணைத்துப் பார்ப்பதும் நல்லது. ஆனால் அது எதைச் சொல்கிறது, எதைச் சொல்லவில்லை என்பது முக்கியம். இரவல் கீபோர்டு வேலை செய்தால் டேப்லட்டின் மென்பொருள் நலம் என்று மட்டுமே பொருள். காந்தக் கவர் உட்காரும் பின்கள் நலமா என்பதை அது காட்டாது. அதை அறிய அதே வகைக் கவர் இன்னொன்று வேண்டும். நண்பரிடம் இருந்தால் நல்லது. இல்லாவிட்டால் அந்த பிராண்டின் ஷோரூமில் காட்சிக்கு வைத்திருக்கும் கவரில் உங்கள் டேப்லட்டை மாட்டிப் பார்க்கக் கேளுங்கள். பெரிய தொகை செலவழிப்பதற்கு முன் இந்த ஒரு சோதனையைத் தவறவிடக் கூடாது.

காசில்லாமல் தீரும் வகை

பலமுறை கீபோர்டு பழுதாகவே இருக்காது. ஐபேடின் ஆக்சசிபிலிட்டியில் கீபோர்டு பகுதியில் ‘ஸ்லோ கீஸ்’ ஆன் ஆகியிருந்தால், விசையைச் சற்று நேரம் பிடித்தால்தான் எழுத்து விழும். வழக்கமான வேகத்தில் தட்டுபவருக்கு அது செத்த கீபோர்டாகவே தெரியும். விண்டோஸில் வலது ஷிப்டை எட்டு விநாடி பிடித்தாலே ‘ஃபில்டர் கீஸ்’ கேட்கும். குழந்தைகள் கையில் போன டேப்பில் இது ஆன் ஆகியிருப்பது வாடிக்கை. கன்ட்ரோல் போன்ற ஒரு விசை அழுந்தியபடி சிக்கிக்கொண்டாலும் எழுத்துகள் வராது. அதற்குப் பதிலாக ஜன்னல்கள் மூடும், எல்லாம் செலெக்ட் ஆகும், சம்பந்தமில்லாத மெனு திறக்கும். கவரைக் கழற்றியதும் திரைக் கீபோர்டில் எல்லாம் ஒழுங்காக வந்தால் சிக்கிய விசையைத் தேடுங்கள்.

கவரைத் திரைக்குப் பின்னால் மடித்து வைத்தால் விசைகள் தாமாக அணைந்துவிடும். சர்ஃபேஸ் டைப் கவரும் ஐபேடின் ஸ்மார்ட் கீபோர்டு ஃபோலியோவும் அப்படித்தான் வடிவமைக்கப்பட்டவை. இதைப் பழுது என்று எண்ண வேண்டாம். வேறு எழுத்துகள் வருவதும் பழுது அல்ல, மொழி மாறியிருக்கிறது. ஐபேடில் கன்ட்ரோலும் ஸ்பேஸ் பாரும், விண்டோஸில் விண்டோஸ் விசையும் ஸ்பேஸ் பாரும் சேர்ந்து மொழியை மாற்றும். ஐபேடில் தமிழுக்குத் தமிழ் 99, அஞ்சல் இரண்டும் உண்டு. இரண்டையும் சேர்த்து வைத்திருப்பவர்கள் தெரியாமல் ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குத் தாவிவிட்டு, விசைகள் குழம்பிவிட்டன என்று நினைத்துக்கொள்வதுண்டு.

இனி சுத்தம். கவர் கீபோர்டின் மொத்த உயிரும் ஒரு சில உலோகப் புள்ளிகளில் இருக்கிறது. ஐபேடின் ஸ்மார்ட் கனெக்டரில் மூன்றே மூன்று: மின்சாரத்துக்கு ஒன்று, தகவலுக்கு ஒன்று, கிரவுண்டுக்கு ஒன்று. கவரின் பக்கம் இருப்பவை ஸ்பிரிங் வைத்த சின்னப் பின்கள், கடையில் போகோ பின் என்பார்கள். மேலே தங்க முலாம். வியர்வையும் ஈரப்பதமும் சேர்ந்த இடத்தில் மின்சாரமும் ஓடினால் முலாம் அரித்து, பச்சை நிறத்திலோ கறுப்பாகவோ பொடி படியும். கடலோர ஊர்களில் இது சீக்கிரம் நடக்கும்.

கவரைக் கழற்றி, நல்ல வெளிச்சத்தில் பின்களைப் பாருங்கள். எல்லாம் ஒரே உயரத்தில் நிற்க வேண்டும். ஒன்று மட்டும் உள்ளே போயிருந்தால் மரப் பல்குத்தியின் முனையால் மெல்ல அழுத்தி விடுங்கள். நல்ல பின் உடனே துள்ளி மேலே வரும், அழுக்கில் சிக்கியது மந்தமாக வரும் அல்லது வரவே வராது. பின் இருக்கும் இடத்தைச் சுற்றிக் காந்தம் இருப்பதால் பையில் கிடக்கும் இரும்புத் துகள், ஸ்டேப்ளர் துண்டு எல்லாம் வந்து ஒட்டும். துடைத்தால் அவை நகருமே தவிரப் போகாது. செல்லோடேப்பின் பசைப் பக்கத்தை அழுத்தி எடுத்தால் கையோடு வரும். அடுத்து, 90 சதவீதத்துக்கு மேல் செறிவுள்ள ஐசோபுரோப்பைல் ஆல்கஹாலைப் பஞ்சுக்குச்சியில் லேசாக நனைத்து, சொட்டாத அளவுக்குப் பிழிந்து, இருபக்கத் தொடுமுனைகளையும் துடையுங்கள். பஞ்சு கறுப்பாக வருவது நிற்கும்வரை புதுக் குச்சி எடுங்கள். ஐந்து நிமிடம் காய விட்டு மாட்டுங்கள்.

நெயில் பாலிஷ் ரிமூவர் வேண்டாம், அசிட்டோன் பிளாஸ்டிக்கைக் கரைக்கும். உப்புத்தாள், பிளேடு வேண்டவே வேண்டாம். அன்றைக்கு வேலை செய்யும், முலாம் போனதால் சில வாரங்களில் முன்னைவிட வேகமாக அரிக்கும். டேப்லட்டின் பின்புறம் ஸ்கின் ஸ்டிக்கரோ கூடுதல் கேஸோ போட்டிருந்தால் கழற்றுங்கள். அரை மில்லிமீட்டர் இடைவெளியே பின் தொடாமல் போகப் போதும்.

பழுதுபார்க்கலாமா?

இதற்கு ஒரே பதில் கிடையாது. எந்த விசைகள் நின்றன என்பதைப் பார்த்தாலே பாதி விடை கிடைத்துவிடும். ஒரு கீபோர்டில் எண்பது விசைகள் இருந்தால் எண்பது கம்பிகள் ஓடுவதில்லை. நிரையும் நிரலுமாகக் கோடுகள் குறுக்கும் நெடுக்கும் ஓடுகின்றன. ஒரு நிரையும் ஒரு நிரலும் சந்திக்கும் புள்ளியே ஒரு விசை. அதனால் ஒரே ஒரு விசை நின்றால் கோளாறு அந்த விசைக்கு அடியில்: தூசு, உணவுத் துணுக்கு, கிழிந்த ரப்பர் குமிழி. பார்வைக்குத் தொடர்பில்லாத நாலைந்து விசைகள் ஒரே நாளில் நின்றால் ஒரு கோடு அறுந்திருக்கிறது, பெரும்பாலும் தண்ணீர் பட்டு அரித்து. எல்லாமே நின்றால் விசைகளைக் குறை சொல்ல வேண்டாம். மின்சாரம் வரும் வழியைப் பாருங்கள்.

ஒரு விசைக் கோளாறு வீட்டிலேயே தீரலாம். கீபோர்டைச் சாய்த்துப் பிடித்து, காற்று அடிக்கும் டப்பாவால் விசையின் விளிம்பில் குட்டிக் குட்டியாக ஊதுங்கள். சரியாகாவிட்டால், சர்ஃபேஸில் மைக்ரோசாஃப்டின் பவர்டாய்ஸ் செயலியைப் போட்டு, அதிகம் பயன்படாத வேறொரு விசைக்கு அந்த எழுத்தைக் கொடுக்கலாம். ஐபேடில் கேப்ஸ் லாக், கன்ட்ரோல் போன்ற துணை விசைகளை மட்டுமே மாற்ற முடியும். ஒரு விசைக்காகக் கவரையே மாற்றுவது வீண் செலவு.

நாலைந்து விசைகள் ஒரே சமயத்தில் போயிருந்தால் கவர் கீபோர்டைப் பழுதுபார்க்கும் எண்ணத்தை விட்டுவிடுங்கள். துணி, பிளாஸ்டிக் தாள், சர்க்யூட் எல்லாம் பசையால் ஒன்றோடொன்று ஒட்டப்பட்டவை. சூடுகாட்டிப் பிரித்தால் துணி சுருங்கும், திரும்ப ஒட்டினால் தட்டையாக உட்காராது, உள்ளே உள்ள தாளுக்கு உதிரி கிடைக்காது. கம்பெனி சர்வீஸ் சென்டர்களிலும் இதைப் பிரித்துச் சரிசெய்வதில்லை, முழுதாக மாற்றித்தான் கொடுப்பார்கள்.

எல்லா விசைகளும் நின்றவற்றில் தனியாகக் கவனிக்க வேண்டியது மடிப்பு. பின்னிலிருந்து விசைகளுக்குப் போகும் இணைப்பு, மெல்லிய ஃப்ளெக்ஸ் தகடாகக் கவரின் மடிப்பு வழியே ஓடுகிறது. திறக்கத் திறக்க, மூட மூட, அதில் உள்ள செம்புக் கோடு களைத்து அறும். கண்டுபிடிப்பது எளிது. நோட்ஸ் செயலியைத் திறந்து ஏதாவது ஒரு எழுத்தை அழுத்திப் பிடியுங்கள். திரையில் அந்த எழுத்து வரிசையாக ஓடும். அப்படியே கவரின் கோணத்தை மெல்ல மாற்றுங்கள். குறிப்பிட்ட ஒரு கோணத்தில் ஓட்டம் நின்று, சற்றுத் திருப்பியதும் மறுபடி ஓடினால் ஃப்ளெக்ஸ் அறுந்துகொண்டிருக்கிறது. சுத்தம் செய்தாலும் ரீஸ்டார்ட் செய்தாலும் இது மாறாது. அந்தக் கவர் இன்னும் சில நாள் ஓடும், பிறகு நிரந்தரமாக நிற்கும். அந்த அவகாசத்தில் மாற்று ஏற்பாட்டைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

பழுதுபார்க்கத் தகுந்தது வேறொரு வகை: உள்ளே பேட்டரி வைத்த புளூடூத் ஃபோலியோ கீபோர்டுகள். இவற்றில் போவது பெரும்பாலும் சார்ஜ் ஏறும் துளை, அல்லது பேட்டரி. ரப்பர் பாதங்களுக்கு அடியில் திருகுகள் ஒளிந்திருக்கும். பேட்டரி பை வடிவ லித்தியம் பாலிமர், 3.7 வோல்ட். அதன் மேல் அச்சிட்ட எண்ணிலேயே அளவு இருக்கிறது: 303040 என்றால் 3 மில்லிமீட்டர் தடிமன், 30 அகலம், 40 நீளம். அதே எண், பாதுகாப்பு சர்க்யூட்டோடு கேட்டு வாங்குங்கள். பழையதைக் கழற்றும்போது இரண்டு வயர்களையும் ஒரே வெட்டாக வெட்டக் கூடாது, கட்டரின் உலோகமே இரண்டையும் ஷார்ட் ஆக்கிவிடும். ஒன்றை வெட்டி, டேப் சுற்றி, பிறகு அடுத்ததை வெட்ட வேண்டும். பேட்டரி உப்பியிருந்தால் குத்தவோ அழுத்தவோ வேண்டாம். சால்டரிங் தெரிந்தவரிடம் கொடுத்துவிடுங்கள். சில நூறு ரூபாயில் முடியும் வேலை இது.

அதற்கு முன் கேபிளையும் சந்தேகியுங்கள். விலை குறைந்த கீபோர்டுகளில் டைப்-சி துளை இருந்தும், சார்ஜருக்கு ‘எனக்கு மின்சாரம் வேண்டும்’ என்று அடையாளம் காட்டும் 5.1 கிலோ ஓம் ரெசிஸ்டர்களை வைக்காமல் விட்டுவிடுகிறார்கள். இருபக்கமும் டைப்-சி உள்ள கேபிளில் அவை சார்ஜ் ஏறவே ஏறாது. ஒருபக்கம் பழைய தட்டை யூஎஸ்பி உள்ள கேபிளில் போட்டால் ஏறும். புது சார்ஜர் வாங்கியதும் கீபோர்டு செத்துவிட்டது என்று வருகிறவற்றில் இதையும் பார்க்க வேண்டும்.

டீ, காபி கொட்டியிருந்தால் முதல் வேலை டேப்லட்டிலிருந்து பிரிப்பது. ஈரத்தோடு மின்சாரம் ஓடும் ஒவ்வொரு நிமிடமும் அரிப்பு கூடும். தலைகீழாகக் கவிழ்த்து இரண்டு நாள் காற்றாட வையுங்கள். ஹேர் டிரையர் பசையை இளக்கும். அரிசியில் புதைப்பதால் உள்ளே போன சர்க்கரை வெளியே வராது, அரிசித் தூள்தான் உள்ளே போகும்.

அதே கவரை மீண்டும் வாங்குவது

மடியில் வைத்துத் தட்டச்சு செய்பவர்களுக்கும், ரயிலிலும் வகுப்பிலும் நொடியில் திறந்து எழுதுபவர்களுக்கும் கவர் கீபோர்டுக்கு நிகர் இல்லை. சார்ஜ் போட வேண்டாம், இணைக்க வேண்டாம், டேப்லட்டிலிருந்தே மின்சாரம் எடுத்துக்கொள்ளும். ஆனால் பணம் கொடுக்கும் முன் வாரண்டியைப் பாருங்கள். துணைக்கருவிகளுக்கு டேப்லட்டை விடக் குறைந்த காலம் கொடுக்கும் கம்பெனிகள் உண்டு, பில்லில் தனியாக எழுதியிருக்கும். ஐபேடுக்கு ஆப்பிள் கேர் பிளஸ் எடுத்திருந்தால் ஆப்பிளின் சொந்த ஐபேட் கீபோர்டும் அதே திட்டத்தில் அடங்கும். இது தெரியாமலேயே பலர் முழு விலை கொடுத்துப் புதிது வாங்குகிறார்கள்.

பொருத்தம்தான் இங்கே பெரிய பொறி. உட்கார்ந்துவிட்டாலே பொருந்திவிட்டது என்று அர்த்தமில்லை. 2024-ல் வந்த எம்4 ஐபேட் புரோவுக்குத் தனி மேஜிக் கீபோர்டு. முந்தைய புரோக்களின் கவர் அதற்கு ஆகாது. பத்தாம் தலைமுறை ஐபேடுக்கு மேஜிக் கீபோர்டு ஃபோலியோ. ஏழு, எட்டு, ஒன்பதாம் தலைமுறை ஐபேடுகளுக்குப் பழைய ஸ்மார்ட் கீபோர்டு. ஆறாம் தலைமுறை ஐபேடிலும் ஐபேட் மினியிலும் ஸ்மார்ட் கனெக்டரே கிடையாது. சர்ஃபேஸில் புரோ 3 முதல் 7 பிளஸ் வரை ஒரு குடும்பம், புரோ 8-லிருந்து இன்னொரு குடும்பம், கோ வரிசை தனி. கேலக்ஸியில் டேப் எஸ்7-க்கும் எஸ்8-க்கும் 11 அங்குலக் கவர் ஒன்றே. டேப் எஸ்6 லைட்டில் பின்களே இல்லை, அதற்குப் புளூடூத்தான் வழி. டேப்லட்டின் செட்டிங்ஸில் ‘அபௌட்’ பகுதியில் உள்ள மாடல் எண்ணை எழுதிக்கொண்டு அதை வைத்தே தேடுங்கள். பெயரை நம்பித் தேடினால் தவறும்.

சென்னை ரிச்சி தெருவிலோ கொழும்பு யூனிட்டி பிளாசாவிலோ செகண்ட் ஹேண்டில் வாங்குவதாக இருந்தால், உங்கள் டேப்லட்டைக் கையோடு எடுத்துப் போங்கள். மேலே சொன்ன மடிப்புச் சோதனையைக் கடைக்காரர் முன்னாலேயே செய்யுங்கள். வெளித்தோற்றம் புதிதாக இருப்பதில் ஒன்றும் இல்லை. மடிப்பு எத்தனை தடவை மடங்கியது என்பதைத் துணி காட்டாது.

புளூடூத்: பெரும்பாலோருக்கு இதுவே போதும்

கவர் செத்து, வாரண்டியும் முடிந்திருந்தால், மேசையில் உட்கார்ந்து எழுதும் எவருக்கும் எங்கள் சிபாரிசு புளூடூத் கீபோர்டுதான். ஆயிரத்திலிருந்து மூவாயிரம் ரூபாய்க்குள் நல்லதே கிடைக்கும். டேப்லட் மாறினாலும் கீபோர்டு கூடவே வரும். டேப்லட்டின் பின் கனெக்டர் உள்ளே அறுந்திருந்தாலும் இதற்குப் பாதிப்பில்லை. திரை மாற்றிய பிறகு கவர் கீபோர்டு நின்ற டேப்லட்டுகளில் உள் ஃப்ளெக்ஸ் சேதமாகியிருக்க வாய்ப்பு உண்டு. கீபோர்டுக்காக மட்டும் ஒட்டிய திரையை மறுபடி பிரிப்பது ஆபத்து, அங்கே புளூடூத்தே சரி. டச்பேடும் வேண்டுமென்றால் ஐபேடில் ஐபேட்ஓஎஸ் 13.4 அல்லது அதற்குப் பிந்தையது இருக்க வேண்டும்.

லாஜிடெக் கே380-ஐ உதாரணமாக எடுத்துக்கொள்வோம். 423 கிராம், இரண்டு டிரிபிள்-ஏ பேட்டரி, மூன்று கருவிகளோடு இணையும். எஃப்1, எஃப்2, எஃப்3 விசைகளில் ஒன்றை மூன்று விநாடி பிடித்தால் விளக்கு வேகமாகச் சிமிட்டும்; அப்போதுதான் டேப்லட்டின் பட்டியலில் தெரியும். திரையில் எண்கள் வந்தால் அவற்றைப் புதுக் கீபோர்டில் தட்டி என்டர் அழுத்த வேண்டும். திரையைத் தொட்டுக் காத்திருந்தால் இணையாது, இங்கேதான் பலர் தோற்கிறார்கள்.

பலவீனங்களையும் சொல்ல வேண்டும். சற்று நேரம் தொடாமல் விட்டால் தூங்கிவிடும், எழுந்திருக்கும்போது முதல் ஓரிரு எழுத்துகள் விழாமல் போகலாம். மூன்று கருவிகளில் இணைத்தவர், எழுத்து மொபைலுக்குப் போய்க்கொண்டிருப்பது தெரியாமல் டேப்லட்டைத் திட்டுவார். டேப்லட்டை ரீசெட் செய்த பிறகு பழைய இணைப்பின் ரகசியச் சாவி ஒருபக்கம் மட்டும் தங்கிவிட்டால், ‘இணைந்தது’ என்று காட்டும், எழுத்து வராது. டேப்லட்டில் ‘ஃபர்கெட்’ கொடுத்து, கீபோர்டிலும் புதிதாக இணைப்பு நிலைக்குப் போனால்தான் தீரும். எழுத்து தாமதமாகவோ இரட்டையாகவோ விழுந்தால், புளூடூத்தும் வைஃபையும் பகிரும் 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையில் நெரிசல் காரணமாக இருக்கலாம்; வைஃபையை 5 கிகாஹெர்ட்ஸுக்கு மாற்றுங்கள், பக்கத்தில் யூஎஸ்பி 3 ஹப் இருந்தால் தள்ளி வையுங்கள். மடியில் வைத்து எழுதுவது சிரமம், தனி ஸ்டாண்டும் வேண்டும்.

சர்ஃபேஸ்காரர்களுக்கு இன்னொரு எச்சரிக்கை: யூஇஎஃப்ஐ போல விண்டோஸ் ஏறுவதற்கு முன் வரும் திரைகளில் புளூடூத் கீபோர்டு எழாது. அந்த நேரத்துக்காக ஒரு யூஎஸ்பி கீபோர்டு வீட்டில் இருக்கட்டும்.

வயர் கீபோர்டு

நாளைக்குள் ஒப்படைக்க வேண்டிய வேலை இருந்தால் இதுவே அவசர மருந்து. டைப்-சி டேப்லட்டுக்கு ஓ.டி.ஜி. அடாப்டர், லைட்னிங் ஐபேடுக்கு யூஎஸ்பி கேமரா அடாப்டர். 2.4 கிகாஹெர்ட்ஸ் டாங்கிள் (யூஎஸ்பியில் செருகும் சின்ன ரிசீவர்) வைத்த வயர்லெஸ் கீபோர்டும் இதே துளையில் வேலை செய்யும். ‘அதிக மின்சாரம் தேவை’ என்று ஐபேட் மறுத்தால் விளக்கு எரியும் கேமிங் கீபோர்டைத் தவிர்த்து சாதாரணமானதைச் செருகுங்கள். பூட்டிய ஐபேடில் செருகினால் ஏற்காமல் போகலாம், திறந்த பிறகு செருகுங்கள். ஒப்போ, ரியல்மி, ஒன்பிளஸ் கருவிகளில் ஓ.டி.ஜி. என்ற சுவிட்ச் செட்டிங்ஸில் தனியாக இருக்கும். பத்து நிமிடம் பயன்படுத்தாவிட்டால் தானாக அணைந்துவிடும். குறை, இருக்கும் ஒரே துளையும் அடைபடுகிறது. சார்ஜும் வேண்டுமென்றால் மின்சாரம் கடத்தும் ஹப் வாங்க வேண்டும். கணக்கு வேலை செய்பவர்களுக்கு மட்டும் இதில் தனி லாபம் உண்டு: எண் விசைத்தொகுதியோடு கூடிய முழு அளவு கீபோர்டு மலிவாகக் கிடைக்கும்.

திரையில் வரும் கீபோர்டும் குரல் தட்டச்சும் இடைக்காலத்துக்கு உதவும். நீண்ட கட்டுரைக்கு ஆகாது, பாதித் திரையை அதுவே விழுங்கிவிடும். கவர் பாதி செத்த நிலையில் மாட்டியிருந்தால், டேப்லட் அதை உயிரோடு இருப்பதாக எண்ணித் திரைக் கீபோர்டைக் காட்டாது. கவரை முழுதாகக் கழற்றி வையுங்கள், அல்லது ஆண்ட்ராய்டில் பிசிக்கல் கீபோர்டு பகுதியில் ‘திரைக் கீபோர்டைக் காட்டு’ என்பதை ஆன் செய்யுங்கள்.

புதிதாக எதை வாங்கினாலும்

திருப்பிக் கொடுக்கும் காலம் முடியும் முன் எல்லா விசைகளையும் ஒவ்வொன்றாகத் தட்டிப் பாருங்கள், அடைப்புக்குறி, கேள்விக்குறி உட்பட. ஷிப்டை இடது, வலது இரண்டிலும் சோதியுங்கள். இரண்டும் தனித்தனி விசைகள், ஒன்று மட்டும் செத்திருக்கலாம். தமிழில் எழுதுபவர்கள் நீங்கள் வழக்கமாக எழுதும் செயலியிலேயே ஒரு பத்தி முழுக்கத் தட்டச்சு செய்து பாருங்கள். திரைக் கீபோர்டில் வந்த தமிழ் முறை, வெளிக் கீபோர்டை இணைத்ததும் சில செயலிகளில் ஆங்கிலத்துக்குத் தாவிவிடும். அப்படித் தாவினால் குறை கீபோர்டில் இல்லை, செட்டிங்ஸில் பிசிக்கல் கீபோர்டுக்குத் தமிழைத் தனியாகச் சேர்க்க வேண்டும். கவர் வகை என்றால் மடிப்புச் சோதனை; பேட்டரி வகை என்றால் முழுதாக ஒருமுறை சார்ஜ் ஏற்றி, எந்தக் கேபிளில் ஏறியது என்று குறித்துக்கொண்டு, அந்தக் கேபிளைக் கீபோர்டோடு சேர்த்தே வையுங்கள். மாதக்கணக்கில் பயன்படுத்தாமல் வைப்பதாக இருந்தால் பாதி சார்ஜில் அணைத்து வைக்க வேண்டும். முழுதாக வற்றிய நிலையில் கிடந்த லித்தியம் பேட்டரியைப் பாதுகாப்பு சர்க்யூட் துண்டித்துவிடும்; பிறகு சாதாரண 5 வோல்ட் சார்ஜரில் அரைமணி நேரத்துக்கு மேல் விட்டுப் பார்த்தும் விளக்கு எரியவில்லை என்றால் பேட்டரியை மாற்றத்தான் வேண்டும்.